எதிர்க் கயிற்றில் ஜெபிஷ்

கரமடி வலையின் கயிறு கைக்கு வந்து கொஞ்ச நேரம்தான் ஆகியிருந்தது. தூரத்தில் எதிர்க் கயிற்றை இழுத்துக்கொண்டிருந்த கூட்டத்தில், இடது தோளைத் தாழ்த்தி நின்ற உயரமான ஆளை ரெஜின் அடையாளம் கண்டுகொண்டான்.

ஜெபிஷ். யூஜினின் தம்பி.

பதினோரு வருடத்துக்கு முன்னால், இங்கிருந்து வெகு கிழக்கே வேறொரு கடற்கரையில், வலைத் தகராறில் ரெஜின் வீசிய துடுப்பு யூஜினின் மண்டையில் இறங்கியது. யூஜின் எழுந்திருக்கவே இல்லை. அதை நேரில் பார்த்தவன் ஜெபிஷ். கோர்ட்டில் கை நீட்டி, "இவன்தான்" என்று சொன்னவனும் அவன்தான்.

"மக்கா, கை தளருது கேட்டியா," என்றான் பின்னால் நின்ற ஆன்றோ. "ஜெயில்ல சப்பாத்தி தின்னு வளத்த ஒடம்பாலே இது?"

மற்றவர்கள் சிரித்தார்கள். ரெஜின் சிரிக்கவில்லை.

"எதிர்க் கயித்துல அந்த ஒசரமான ஆளு ஆரு?"

"அவனா? ஜெபிஷாக்கும். நம்ம செசிலிக்க மருமவன். குவைத்துலேருந்து வந்து ரெண்டு நாளுதான் ஆச்சு. இனி போவல்லியாம். ஏன், ஒனக்கு அறியுமா?"

"இல்ல. எங்கயோ கண்ட மாதிரி இருந்து."

விட்டுவிட்டு ஓடலாம் என்று கால் பரபரத்தது. ஆனால் கரமடியில் அது முடியாது. வள்ளம் கயிற்றின் ஒரு நுனியைக் கரையில் கொடுத்துவிட்டு, கடலுக்குள் அரைவட்டமாக வலையை இறக்கி, மறு நுனியைத் தொலைவில் கொண்டுவந்து கொடுக்கும். இரண்டு கூட்டம் இரண்டு நுனியையும் இழுக்கும். வலை கரையை நெருங்க நெருங்க, இரண்டு கூட்டமும் ஒன்றை நோக்கி ஒன்று நகர்ந்துகொண்டே வரவேண்டும். வலையின் பையான மடி, மீன் நிறைந்து கரையேறும்போது எல்லோரும் ஒரே இடத்தில் நிற்பார்கள். நடுவில் ஒரு பக்கம் தளர்ந்தால் வலை சாய்ந்துவிடும், மீன் போய்விடும். அப்படி விட்டவனை எந்தக் கரையிலும் மறுபடி கயிறு தொட விடமாட்டார்கள்.

ரெஜினுக்கோ இது மூன்றாவது வேலை. பாளையங்கோட்டை சிறையிலிருந்து விடுதலையாகி வந்தவனுக்கு 'புதுக்கரை' மறுவாழ்வு அறக்கட்டளை முதலில் ஒரு முந்திரி ஆலையில் இடம் பிடித்துக் கொடுத்தது. விஷயம் தெரிந்ததும் அங்கிருந்த பெண்கள் உள்ளே வர மறுத்தார்கள். அடுத்தது பேக்கரி. அங்கே ஒரு ரொட்டிக் கத்தி காணாமல் போனது. எல்லாக் கண்களும் அவன் பக்கம் திரும்பின. கத்தி மாவு மூட்டைக்கு அடியில் கிடைத்தபோது அவன் வேலையில் இல்லை. எல்லாம் தெரிந்தே அவனைச் சேர்த்துக்கொண்ட ஒரே ஆள், இந்த வலைக்கு உடைமைக்காரர் அல்போன்ஸ்தான். இந்த இடமும் போனால் போக இடமில்லை.

கரையோரமாக அஞ்சலி வந்துகொண்டிருந்தாள். அறக்கட்டளையின் களப்பணியாளர், கடல் இல்லாத திருவட்டாறுக்காரி. மண்டைக்காட்டுக்கு மேற்கே இருந்த இந்த ஊரைத் தேடிக் கண்டுபிடித்தவள் அவள்தான். கையில் செல்போன், முகம் நிறைய சிரிப்பு.

"ரெஜின் அண்ணே, இப்படிப் பாருங்க. ஒரு போட்டோ."

"மேடம், கிட்ட வாங்க." அவன் குரலை இறக்கினான். "எதிர்க் கயித்துல நிக்கது யூஜினுக்க தம்பி."

அஞ்சலியின் சிரிப்பு அப்படியே உறைந்தது. "அதெப்படி? அவங்க ஊர்லயே போய் விசாரிச்சேனே. தம்பி வெளிநாட்ல, குடும்பம் எல்லாம் அந்த ஊர்லதான்னு சொன்னாங்களே."

"அவன் கெட்டின ஊரு எதுன்னு கேட்டீங்களா? கடப்புறத்துல ஆம்பிளதான் மேடம் பெஞ்சாதி ஊருக்குப் போவான். பெண்ணுக்குத்தான் வீடு குடுப்பாங்க."

அவள் கேட்கவில்லை. கேட்கத் தோன்றவும் இல்லை. அவளுடைய ஊரில் கல்யாணம் ஆனால் பெண்தான் பெட்டியைத் தூக்கிக்கொண்டு போவாள். செத்தவனின் அப்பா வீடு எங்கே என்று பார்த்துவிட்டு, அதிலிருந்து தூரமாக ஓர் ஊரைத் தேர்ந்தெடுத்துவிட்டாள்.

"அண்ணே..." அவள் எதிர்க் கயிற்றுப் பக்கம் திரும்பிப் பார்த்தாள். "நான் முதல்ல அந்தப் பக்கம்தான் போனேன். நெட்டையா ஒருத்தர், புது ஆளு யாருன்னு கேட்டார். உங்க பேரைச் சொல்லிட்டேன்."

கயிறு ரெஜினின் உள்ளங்கையை அறுத்தது.

"போலீசுக்குப் போன் பண்ணட்டுமா?"

"வேண்டாம். ஜீப்பு வந்தா இந்தக் கரையும் முடிஞ்சு."

அவள் அல்போன்ஸிடம் ஓடினாள். அவர் கடலைப் பார்த்தபடியே கேட்டார். பிறகு கையை வீசி ஏதோ சொன்னார். மடி ஏறட்டும், பிறகு பார்க்கலாம் என்பதாக இருக்கும்.

இரண்டு கூட்டமும் நகர்ந்தன. முதலில் ஜெபிஷின் சட்டை நிறம் தெரிந்தது. பிறகு தாடி. அப்புறம் இடுப்பில் செருகியிருந்த கத்தி. கயிறு அறுக்க எல்லோரும் வைத்திருக்கும் சின்னக் கத்திதான். ரெஜினின் இடுப்பிலும் ஒன்று இருந்தது. அது அங்கே இருப்பதே அவனுக்கு இன்னும் பயமாக இருந்தது.

கயிற்றில் யாரும் ஒரே இடத்தில் நிற்பதில்லை. கரைப் பக்கம் கடைசியாக நின்று இழுத்து முடித்தவன் கயிற்றைச் சுருட்டிப் போட்டுவிட்டு, ஓடிப்போய்த் தண்ணீர்ப் பக்கம் முதல் ஆளாகப் பிடிக்கவேண்டும். வலை வந்து சேரும்போது இரு பக்கமும் முதலில் நிற்பவர்கள்தான் தண்ணீரில் இறங்கி, வலையின் அடிக்கயிற்றை, மீன் அடியில் நழுவாதபடி, காலால் மிதித்துப் பிடிப்பார்கள்.

ரெஜினின் முறை வந்தது. ஓடிப்போய் முன்னால் நின்றான். எதிரில் முதல் ஆளாக நின்றது வேறொரு பையன். அப்பாடா என்று மூச்சு விட்டான். அதே நொடியில், நடுவில் நின்ற ஜெபிஷ் அந்தப் பையனின் தோளில் தட்டி விலக்கிவிட்டு முன்னால் வந்து நின்றான்.

"லேய், இறங்குங்கலே! அடிக்கயிறு பொங்குது!" அல்போன்ஸ் கத்தினார்.

இருவரும் இறங்கினார்கள். நெஞ்சளவுத் தண்ணீர். அலை தூக்கித் தூக்கிப் போட்டது. அடிக்கயிற்றைக் காலில் மிதித்தபடி நெருங்கினார்கள். ஜெபிஷின் வலக்கை தண்ணீருக்குள், இடுப்புப் பக்கம் இருந்தது. அது வெளியே வரவே இல்லை.

"ஆருலே ஒன்ன அனுப்பினா?"

"ஆரும் இல்ல ஜெபிஷே. வேலைக்கு வந்தேன். நீ இஞ்ச இருக்கது எனக்குத் தெரியாது."

"கள்ளம் சொல்லாத. கோர்ட்டு வாசல்ல வண்டியில ஏறும்போ என்னலே சொன்ன? 'ஒரு நாளு வெளிய வருவேன், அண்ணைக்கு ஒன்னப் பாத்துக்கிடுதேன்'னு சொன்னியா இல்லியா?"

ரெஜினுக்கு நினைவில்லை. அன்றைக்கு வாய்க்கு வந்ததை எல்லாம் கத்தினான். இதையும் கத்தியிருப்பான். சிறையில் ஒரு நாள்கூட இந்த வார்த்தை அவன் ஞாபகத்துக்கு வந்ததில்லை.

"அந்தப் பேடியில, அந்தப் பயத்துலதான் நான் குவைத்துக்குப் போனேன். நீ ஜெயில்லேருந்து எறங்கியாச்சுன்னு கேட்டப்பதான் பெஞ்சாதி லிஜியையும் மோளையும் தனியா விடக் கூடாதுன்னு திரும்பி வந்தேன். வந்த மூணாம் நாளு நீ என் கரையில நிக்க." ஜெபிஷ் கரைக்கு மேலே வீடுகள் பக்கம் ஒரு முறை பார்த்தான். "ஒனக்க பேரு கேட்ட ஒடன வீட்டுக்குப் போன் போட்டேன். மோள உள்ள வச்சுக் கதவப் பூட்டச் சொல்லி."

"நான் போயிருதேன். இண்ணைக்கே போயிருதேன்."

"எங்க?"

"எங்கயாவது."

"அது வேண்டாம்!" ஜெபிஷ் பதறிக்கொண்டு சொன்னான். அலை அவன் முகத்தில் அடித்தது. துப்பிவிட்டுத் தொடர்ந்தான். "நீ எங்க இருக்கன்னு அறியாம நான் உறங்கி எத்தன நாளாச்சு தெரியுமா? ஜெயில்ல இருந்தப்போ உள்ள இருக்கான்னு ஒரு சமாதானம் இருந்து. எறங்கின பெறவு அதும் இல்ல. நீ இஞ்ச நில்லு. தெனமும் எனக்க எதிர்க் கயித்துல நில்லு. நான் ஒன்னக் காணணும். ஒரு நாளு காணல்லன்னா நான் தேடி வருவேன். அது பேச வருதது இல்ல."

கரையிலிருந்து கூச்சல் கிளம்பியது. மடி மணலில் ஏறிவிட்டது. வெள்ளியாக நெத்திலி துடித்தது.

அஞ்சலி ஓடி வந்தாள். மேலே சாலையில் ஆட்டோ ஒன்றை நிறுத்தி வைத்திருந்தாள். "அண்ணே, வாங்க. மார்த்தாண்டத்துல தங்க ஏற்பாடு பண்ணிட்டேன். வேலையை அப்புறம் பாத்துக்கலாம்."

"இல்ல மேடம். நாளைக்கும் வரச் சொன்னான்."

அவள் கண்கள் விரிந்தன. "மன்னிச்சிட்டாரா?"

"இல்ல. அவனுக்குப் பேடி."

"உங்களுக்கு?"

ரெஜின் ஈரச் சட்டையைப் பிழிந்தான். "ஆட்டோவ அனுப்பிருங்க மேடம்," என்றான்.

மீனைப் பிரிக்க எல்லோரும் குவியலைச் சுற்றி உட்கார்ந்தார்கள். ஆன்றோ பக்கத்தில் இடம் காட்டிக் கூப்பிட்டான். அங்கே உட்கார்ந்தால் அதே வரிசையில் இருந்த ஜெபிஷ் கண்ணில் படமாட்டான். ரெஜின் சுற்றிக்கொண்டு மறுபக்கம் போனான். அதற்குள் ஜெபிஷும் எழுந்து, அவனுக்கு நேர் எதிரே இடம் மாறியிருந்தான். குவியலின் இந்தப் பக்கம் ஒருவன், அந்தப் பக்கம் ஒருவன். இருவரும் தலையை நிமிர்த்தியபடியே உட்கார்ந்து, கையால் தடவித் தடவி மீனைப் பிரித்தார்கள்.