ஐந்தடித் தொட்டி

அவளுக்கு இடுப்பு விட்டுப்போயிருந்தது. இரண்டு நாள் ஆஸ்பத்திரி பெஞ்சில் உட்கார்ந்த இடுப்பு. இப்போது அதை இரும்பு அலமாரிக்கு முட்டுக்கொடுத்துத் தள்ளினாள்.

"அத்தையக் கிடத்த இத நகத்துனாப் போதாதா? வீட்டையே எதுக்குப் புரட்டுற?" வெல்டரான கணவன் மறுமுனையில் மூச்சு வாங்கினான். "போய்ச் சேந்தும் வேல வாங்குறாங்க."

"இத மட்டும் எடுத்தா அண்ணனுங்க ரெண்டு பேரும் நேருக்கு நேர் பாத்துக்குவாங்க."

அவன் மறுபடியும் அலமாரியில் கை வைத்தான்.

கூடத்தின் குறுக்கே அலமாரியை நிறுத்தியவள் கண்ணாடி மீன்தொட்டி ஒட்டி விற்றுப் பிழைத்த அம்மாதான். வாசலில் யார் வண்டியை நிறுத்துவது என்ற சண்டையில் பெரியவன் கண்ணாடித் துண்டால் சின்னவன் தோளைக் கிழித்த மறுநாள் அது. "ஒனக்கும் ஒரு நாள் இருக்கு" என்று சொன்னதோடு சின்னவன் வாயை மூடிக்கொண்டான். முன்வாசல் பெரியவனுக்கு, பின்வாசல் சின்னவனுக்கு. "கண்ணுல பட்டாத்தான் கடிக்கும்" என்பாள் அம்மா, தொட்டிக்கு நடுவே கல் அடுக்கியபடி. நான்கு வருஷம் ஓடிவிட்டது.

மீன்களின் சண்டை அடங்காத தொட்டிக்கு அம்மாவிடம் இன்னொரு வழி இருந்தது. எல்லா மீனையும் வாளிக்கு மாற்றுவாள். கல், சட்டி, செடி அத்தனையையும் இடம் மாற்றி வைத்துவிட்டு, எல்லாவற்றையும் ஒன்றாக உள்ளே விடுவாள். எது தன் மூலை என்று தேடவே அவற்றுக்குப் பொழுது சரியாக இருக்கும்.

"எவ்ளோ நேரம்மா தாங்கும்?" என்று ஒருமுறை கேட்டிருந்தாள்.

"ஒரு நாள். சிலது அதுவும் தாங்காது."

பெரியவனின் நாற்காலி பின்கட்டுக்குப் போனது, சின்னவனின் கட்டில் சமையலறைக்கு. கண்ணாடித் துண்டுகளையும் அவற்றை அறுக்கும் கட்டரையும் அலமாரியில் பூட்டிச் சாவியை இடுப்பில் செருகினாள். பின்முற்றத்துச் சுவரில் சாய்ந்திருந்த ஐந்தடிக் கண்ணாடி மட்டும் அலமாரியில் அடங்கவில்லை.

அம்மாவை ஏற்றிய வண்டி வந்தது. கூடவே பெரியவன் முன்வாசலில் நுழைந்தான். அம்மாவைக் கிடத்தி முடிப்பதற்குள் பின்கதவு கிரீச்சிட்டது. சின்னவன் உள்ளே வந்தான்.

இருவரும் பார்த்துக்கொண்டார்கள். சின்னவனின் கை தானாகத் தோளுக்குப் போனது. பெரியவன் நாற்காலி இருந்த இடத்தைப் பார்த்தான். அங்கே அம்மாவின் தலை இருந்தது. எங்கே நிற்பது என்று இருவருக்கும் தெரியவில்லை.

"என் நாற்காலி எங்க?"

"பின்னால இருக்குண்ணே" என்றாள்.

பெரியவன் நகரவில்லை. சின்னவன் வெல்டரிடம், "ஃபேன எங்க மச்சான் வச்சீங்க?" என்றான்.

வெல்டர் பதில் சொல்வதற்குள், "அலமாரிக்குப் பின்னால" என்றான் பெரியவன், சுவரைப் பார்த்துக்கொண்டு.

சின்னவன் ஃபேனைத் தேடவில்லை. திரும்பி முற்றத்துக்குப் போனான். அவள் பின்னாலேயே ஓடினாள். அவன் கண்ணாடியின் விளிம்பில் விரலை வைத்து மேலிருந்து கீழே இழுத்தான். கதவருகே பெரியவனின் செருப்புச் சத்தம் கேட்டது. இடுப்புச் சாவியை அவள் இறுக்கிப் பிடித்தாள்.

"இது யாருக்கு?" என்றான் சின்னவன்.

கண்ணாடிக்குப் பக்கத்தில் மூன்று சுவரோடு தொட்டி நின்றது. முன்பக்கம் மட்டும் கண்ணாடி ஒட்டாமல் திறந்து கிடந்தது.

"பல் டாக்டருக்கு" என்றாள். "அம்மா முழுப் பணமும் வாங்கிட்டா. தொட்டி இன்னும் குடுக்கல. இத ஒட்ட ரெண்டு பேரு புடிக்கணும்."