பீலிக்ஸ் எதிர் புடலங்காய்

தக்சாயினி எட்டு வயதில் தாயோடு யாழ்ப்பாணத்திலிருந்து ஜெர்மனியின் கெல்சென்கிர்ச்சன் நகருக்கு வந்தாள். ஒரே வருடத்தில் டொச் மொழி பிடிபட்டுவிட்டது. அதன் பிறகு தெருவிலிருந்த தமிழ்ச் சனங்கள் எந்த அலுவலகத்துக்குப் போனாலும் அவளையும் கூட்டிக்கொண்டு போனார்கள். மொழிபெயர்ப்பதோடு அவள் நிற்கவில்லை. ஓர் அதிகாரி "முடியாது" என்றபோது, "சட்டத்தில் முடியாதா, உங்களுக்கு முடியாதா?" என்று கேட்டுவிட்டாள். அவர் தன் மேலதிகாரியைக் கூப்பிட வேண்டியதாயிற்று.

"பிள்ளை, வாயைக் கொஞ்சம் மூடன்," என்று தாய் புஷ்பராணி கெஞ்சுவார்.

மூடாமலே அவள் சட்டம் படித்தாள், வழக்கறிஞரானாள், ஒரு கட்சியில் சேர்ந்து மாநிலச் சட்டமன்றத்துக்கும் போனாள். பேச்சு நேரம் முடிந்ததைக் காட்டும் சிவப்பு விளக்கு இவளுக்காகவே பொருத்தப்பட்டது என்று அங்கே பகிடி பண்ணிச் சிரித்தார்கள். அடுத்த தேர்தலில் தோற்றாள்.

"சனம் கேட்டுக் களைச்சுப் போச்சுது," என்றார் புஷ்பராணி.

நாற்பது வயதில் நீதிபதி வேலைக்கு விண்ணப்பித்தாள். கிடைத்தது. வேலையில் சேர்ந்த பிறகுதான் சிக்கல் புரிந்தது. பேசுவதற்கு இரண்டு தரப்பும் இருக்கின்றன. நீதிபதி கேட்டுக்கொண்டிருக்க வேண்டும். யாராவது ஒரு வழக்கறிஞர் அசட்டுக் கேள்வி கேட்கும்போதெல்லாம் அவளுக்கு நாக்குத் துடித்தது. மேசைக்கடியில் தொடையைக் கிள்ளிக்கொண்டு சமாளித்தாள்.

புடலங்காய் வழக்கு அவளிடம் வந்தது அந்த நாட்களில்தான்.

வழக்குப் போட்டவர் பீலிக்ஸ், ஓய்வுபெற்ற டிராம் ஓட்டுநர். எதிராளி சதீசன், உணவகமொன்றில் சமையற்காரர். நகர ஓரத்துத் தோட்டச் சங்கத்தில் இருவருக்கும் அடுத்தடுத்த நிலத்துண்டுகள். சதீசன் எல்லையோரம் பந்தல் போட்டுப் புடலை படரவிட்டிருந்தார். காய் வளையாமல் இருக்க ஒவ்வொன்றின் நுனியிலும் கல் கட்டித் தொங்கவிட்டிருந்தார். பூவுக்குத் தண்ணீர் ஊற்றக் குனிந்த பீலிக்ஸ் நிமிர்ந்தபோது, நீளமாய், குளிர்ச்சியாய் ஏதோ அவர் கழுத்தில் உரசியது. பாம்பென்று பாய்ந்தவர் தன்னுடைய மீன்குட்டைக்குள்ளேயே விழுந்தார். அடி எதுவும் படவில்லை. ஆனால் அந்தப் பந்தலைப் பிடுங்கியே ஆகவேண்டும் என்று நின்றார்.

தனக்குத் தமிழ் தெரியும், ஆனால் சதீசனைத் தெரியாது என்று தக்சாயினி ஆரம்பத்திலேயே சொல்லிவிட்டாள். இரு தரப்பும் அதை ஏற்றுக்கொண்டன. சதீசனின் டொச் சமையலறைக்கு வெளியே செல்லாது என்பதால் ஒரு மொழிபெயர்ப்பாளரும் வந்திருந்தார். அவர் பெயர் நரசிம்மன். மதுரைக்காரர், பல்கலைக்கழக ஆராய்ச்சியாளர்.

"நான் ஒண்டும் பேசேல்லை. அவர்தான் என்னைப் பேசினவர்," என்று தொடங்கினார் சதீசன்.

யாழ்ப்பாணத்தில் பேசுவதென்றால் ஏசுவது. நரசிம்மனோ, "நான் வாயே திறக்கவில்லை, அவர்தான் பேசினார்," என்று டொச்சில் சொன்னார்.

பீலிக்ஸ் எழுந்துவிட்டார். "பார்த்தீர்களா! நான் தண்ணீருக்குள் கிடக்கிறேன், இவர் ஒரு வார்த்தை பேசாமல் நின்றிருக்கிறார்!"

"இல்லையே, ஆறுதலா எழும்புங்கோ எண்டு சொன்னனான்," என்றார் சதீசன். மெதுவாக எழும்பச் சொன்னதாகத்தான் அர்த்தம்.

"மனதைத் தேற்றிக்கொண்டு எழுந்திருங்கள்," என்று மொழிபெயர்த்தார் நரசிம்மன்.

"எனக்கு உபதேசம் வேறா?" பீலிக்ஸின் முகம் சிவந்தது.

"வடிவாப் பாருங்கோ, இது புடலங்காய் எண்டும் சொன்னனான்."

நன்றாகப் பாருங்கள் என்பது, "எவ்வளவு அழகு பாருங்கள், புடலங்காய்," என்று போய்ச் சேர்ந்தது.

தக்சாயினிக்குக் கிள்ளத் தொடையில் இடம் மிச்சமில்லை. விசாரணையை நிறுத்தி, மூன்று சொற்களையும் எல்லோருக்கும் டொச்சில் விளக்கினாள்.

"சாரி மேடம்," என்றார் நரசிம்மன். "எங்க ஊர்ல பேசினான்னா ஜஸ்ட் பேசினான், அவ்வளவுதான்."

"எங்கட பக்கத்தில அது சண்டை," என்றார் சதீசன்.

"அவர் விழுந்தபோது சிரித்தீர்களா?" என்று தக்சாயினி கேட்டாள். நரசிம்மன் கேள்வியைத் தமிழில் சொன்னார். சதீசன் நிலத்தைப் பார்த்தார். "ஓம், சிரிச்சனான்."

அதை யாரும் பீலிக்ஸுக்கு மொழிபெயர்க்க வேண்டியிருக்கவில்லை.

இடத்தை நேரில் பார்க்காமல் தீர்ப்புச் சொல்ல அவள் விரும்பவில்லை. அடுத்த வாரம் எல்லோரும் தோட்டத்துக்குப் போனார்கள். வெளியே வந்த சந்தோஷத்தில் தக்சாயினிக்குப் பழைய பேச்சு திரும்பிவிட்டது. பந்தலுக்கடியில் நின்று, பின்னால் வந்தவர்கள் பக்கம் திரும்பி விளக்கத் தொடங்கினாள். "உயரம் போதுமானதாகத்தான் தெரிகிறது. கவனமாக நடக்கும் ஒருவருக்கு இங்கே பயப்பட…"

காதுக்குப் பின்னால் ஏதோ குளிர்ச்சியாய்த் தடவியது.

"ஐயோ அம்மா!" என்று அலறிப் பாய்ந்து பீலிக்ஸின் கையைப் பிடித்துக்கொண்டாள். இரண்டு பேரும் குட்டையின் விளிம்பில் ஆடி, ஒருவாறு நின்றார்கள். தலைக்கு மேல் புடலங்காய் கல்லோடு ஆடிக்கொண்டிருந்தது.

"மேடம், இதையும் டிரான்ஸ்லேட் பண்ணணுமா?" என்று நரசிம்மன் பணிவாகக் கேட்டார்.

"தேவையில்லை," என்றாள் தக்சாயினி.

பீலிக்ஸுக்கு வழக்குப் போட்ட நாளுக்குப் பிறகு முதல் முறையாகச் சிரிப்பு வந்தது. அதன் பிறகுதான் மனதில் கிடந்ததைச் சொன்னார். "எனக்குக் காய் பிரச்சினை இல்லை. நான் தோட்ட வாசலுக்கு வந்தாலே எல்லாரும் பாம்பு மாதிரிச் சீறுகிறார்கள். என் பேத்தி கூட."

நரசிம்மன் இந்த முறை பிழையில்லாமல் சொன்னார். சதீசன் தொப்பியைக் கழற்றினார்.

"அது நான் பகிடிக்குச் சொல்லித் திரிஞ்ச கதைதான், அண்ணை. பிழை என்ரதான்."

சமரசம் அங்கேயே எழுதப்பட்டது. பந்தல் ஒரு மீட்டர் உள்ளே போகும். சதீசன் சங்கக் கூட்டத்தில் எல்லோர் முன்னும் மன்னிப்புக் கேட்பார்.

கேட்டார், தட்டுத் தடுமாறிய டொச்சில். முடித்ததும் பீலிக்ஸ் எழுந்து, நீதிபதி பாய்ந்த விதத்தைக் கைகால்களை வீசி நடித்துக் காட்டினார். கூட்டம் விழுந்து விழுந்து சிரித்தது. அன்றோடு சீறல் நின்றது. கதை ஊரைச் சுற்றித் தக்சாயினியிடம் வந்தபோது, அதில் அவள் பீலிக்ஸின் தோளிலேயே ஏறியிருந்தாள். கையைத்தான் பிடித்தேன் என்று மறுக்க நினைத்தாள். அதை மட்டும் மறுத்தால், அலறிப் பாய்ந்த மீதியெல்லாம் உண்மையென்று ஒப்புக்கொண்டதாகிவிடும் என்று பேசாமல் விட்டுவிட்டாள்.