கல்லுக்குடாவில் ஒரு சாவும் இல்லை

பெட்டியைத் தூக்கி வந்த நாலு பேரும் படலைக்குள் ஒரு காலும் றோட்டில் ஒரு காலுமாக நின்றுவிட்டார்கள். பொன்னையா முற்றத்துப் பந்தலைக் காட்டினார். கமலேஸ்வரி வாசற்படியில் நின்று வீட்டுக்குள்ளே கையைக் காட்டினாள். மத்தியான வெயில், பெட்டியும் பாரம். அவர்கள்தான் என்ன செய்வார்கள், ஆளையாள் பார்த்தார்கள்.

"உள்ளுக்குத்தான் கொண்டு வரவேணும், அத்தான்," என்றாள் கமலேஸ்வரி. "என்ர மனுசன் இந்த வீட்டுக்குள்ள செத்தவர்."

பொன்னையா செத்தவரின் தமையன். கெட்ட மனுசனில்லை. செய்தி கேட்ட கையோடு உடையார்கட்டிலிருந்து ஓடி வந்து, பந்தல் போட்டு, ஐயருக்குச் சொல்லி, சுண்ணம் இடிக்க உரல் தேடி, நேற்றிலிருந்து ஒரு வாய் சோறு தின்னாமல் திரிகிறவர். ஆனால் முறை என்று வந்தால் அசையமாட்டார். கடலில் போன உயிரின் உடம்பை வீட்டுக்குள் எடுப்பதில்லை. முற்றத்தில் வைத்து, கிரியையைச் சுருக்கி, பொழுது சாய முதல் எடுத்துவிடுவதுதான் அவர்கள் பகுதி வழக்கம். மீறினால் வீட்டுக்கு ஆகாது. அந்த வீட்டில் இனித் தனியாக இருக்கப்போகிறவள் கமலேஸ்வரி என்பதால் அவருக்குப் பயம் இன்னும் கூட.

"பிடிவாதம் பிடிக்காதை பிள்ளை," என்றார் பொறுமையாக. "அவன் எங்க செத்தவன் எண்டு ஊருக்கே தெரியும்."

ஊருக்கு எப்படித் தெரிந்ததென்று தேட வேண்டியதில்லை. நேற்று அவளுடைய புருசன் நல்லதம்பியை ஆஸ்பத்திரிக்கு ஏற்றிக்கொண்டு போன ஓட்டோக்கார நிருஷன், ஆளின் உடுப்பெல்லாம் உப்புத் தண்ணீர், சீற்றே ஊறிப்போச்சு என்று நாலு பேருக்குச் சொன்னான். அவன் சொன்னதில் பொய்யில்லை. நாலு பேர் நாற்பது பேருக்குச் சொன்னபோது உடுப்பு நனைந்த மனுசன் கடலில் மூழ்கித் தாண்டுபோனான். பின்னேரத்துக்குள் ஃபேஸ்புக்கில் அவருடைய படத்தைப் போட்டு, கடல் காவலனைக் கடலே காவு கொண்டது என்று எழுதியும் விட்டார்கள். மரண விசாரணை முடித்து டொக்டர் மாரடைப்பு என்று எழுதிக் கொடுத்த துண்டு கமலேஸ்வரியின் கையில் இருந்தது. அதை வாங்கிப் பார்த்தவர்கள், ஓம், தண்ணிக்குள்ள வந்த மாரடைப்புத்தானே என்று திருப்பிக் கொடுத்தார்கள். உலை வாயை மூடலாம், ஊர் வாயை மூட முடியுமா?

நேற்றுக் காலை ஒன்பதரைக்கு அவர் சைக்கிளில் வந்து இறங்கியதை அவள் கண்ணால் கண்டவள். சைக்கிளை வேலியில் சாத்தினார். கிணற்றடிக்குப் போய் மூன்று முகக்கண்ணாடிகளையும் நல்ல தண்ணீரில் அலசிக் கொடியில் கொழுவினார். பிறகு குசினி வாசலில் கதிரையை இழுத்துப் போட்டு இருந்து, பிளேன்ரீ ஒன்று கேட்டார். முகம் வெளிறியிருந்தது, வெயிலாக்கும் என்று நினைத்தாள். தேத்தண்ணியோடு திரும்பி வர அவருடைய தலை சாய்ந்திருந்தது. கண்டது அவள் ஒருத்திதான். பாவம், புருசன்ர பேரைக் காப்பாற்றச் சொல்லுறா என்றுதான் மற்றவர்கள் நினைத்தார்கள்.

பேரென்றால் சும்மா பேரில்லை. நல்லதம்பி இளமையில் சங்கு குளித்த சுழியோடி. கடைசிப் பதினாலு வருசமாகக் கல்லுக்குடாவில், முகக்கண்ணாடியும் மூச்சுக்குழாயும் போட்டுப் பவள முருகைக்கல்லும் மீனும் பார்க்க வருகிற சனத்தைத் தண்ணீரில் இறக்கி ஏற்றுவதுதான் வேலை. கல்லும் இழுவையும் உள்ள இடம் அது. கொஞ்சம் பிசகினால் ஆளை முடித்துவிடும். அவர் பிசக விடமாட்டார். இறங்க முதல் கால் மணித்தியாலம் கரையில் இருந்து, பெரிய அலை எத்தனைக்கொன்று வருகிறது, இழுவை எந்தப் பக்கம் என்று எல்லாரும் பார்க்கவேணும். தனிய ஒருத்தரும் இறங்கேலாது. மூன்றாம் கல்லுக்கு அங்கால் போகேலாது. ஒரு வாய் பியர் குடித்தவன் எவ்வளவு பெரிய ஆளென்றாலும் கரையில் குந்தியிருந்து நண்டு பார்க்கவேண்டியதுதான். அவர் கையை உயர்த்தி ஆட்டினால் கேள்வி கேட்காமல் திரும்பவேணும். பதினாலு வருசத்தில் எத்தனை பேரை இறக்கியிருப்பாய் என்று ஆராவது கேட்டால், "இறங்கினவை எத்தினை பேரோ, ஏறினவையும் அத்தினை பேர்" என்பார். அதைச் சொல்லும்போது மட்டும் மனுசனுக்கு நெஞ்சு கொஞ்சம் நிமிரும்.

கமலேஸ்வரி ஒட்டுசுட்டான் வயல்காரி. கடலில் முழங்காலுக்கு மேல் நனைந்தவளில்லை. ஆனாலும் அந்த நெஞ்சு நிமிர்வு அவளுக்கும் சொந்தம். முற்றத்தில் வைத்தால் கல்லுக்குடாவில் ஒரு சாவு என்று ஊர் எழுதி முடித்துவிடும். அதுவும் அவருடைய சாவு. அதை விட அவள் தயாரில்லை, ஒற்றைக் காலில் நின்றாள்.

வவுனியாவிலிருந்து இரவோடிரவாக வந்த மகன் விஜிதரன் அவளுக்குக் கிட்ட வந்து, எங்கே வைத்தாலும் அப்பா அப்பாதானே, விடுங்கோவன் அம்மா என்று காதோடு சொன்னான். அவள் அவனுடைய முகத்தைக்கூடப் பார்க்கவில்லை. தூக்கியவர்களுக்குத் தோள் நொந்து, படலையடியில் இரண்டு வாங்கு போட்டுப் பெட்டியை இறக்கி வைத்தார்கள். அழ வந்த பெண்கள் அழுவதா விடுவதா என்று தெரியாமல் மூக்கைச் சிந்திக்கொண்டு நின்றார்கள்.

அப்போதுதான் மோட்டார் சைக்கிளொன்று வந்து நின்றது. தொப்பி போட்ட இளைஞன் ஒருவன் இறங்கி, பெட்டியைப் பார்த்தான். பிறகு நேரே கமலேஸ்வரியிடம் வந்தான். தன் பெயர் சப்ராஸ், முல்லைத்தீவு ரவுணில் இரும்புக்கடை வைத்திருப்பதாகச் சொன்னான்.

"நேற்றுக் காலமை குடாவில இறங்கினது நானும் வைஃபும்தான் அக்கா. ஃபேஸ்புக்கில போட்டிருக்கிறது பிழை. அதைச் சொல்லத்தான் கடையைப் பூட்டிப்போட்டு வந்தனான்."

பொன்னையா பந்தலை விட்டுக் கிட்ட வந்தார். சப்ராஸ் நின்றபடியே சொன்னான். அவனுடைய மனைவி றுஸ்னாவுக்கு நீந்தத் தெரியும், ஆனால் மூச்சுக்குழாய் புதிது. நல்லதம்பி அவளை இடுப்பளவு தண்ணீரில் நிறுத்தி, முகத்தை மட்டும் அமிழ்த்தி மூச்சுவிடப் பழக்கிவிட்டுத்தான் கூட்டிப் போனார். மூன்று பேருமாக இரண்டாம் கல்லடிக்குப் போய்ப் பத்து நிமிசம் இராது, அவர் கையை உயர்த்தி ஆட்டினார். கரையிலிருந்து அடிக்கிற கச்சான் காத்து மாறுது, கடல் பக்கத்துக் கொண்டல் வரப்போகுது, இண்டைக்குப் போதும் என்றார். சிரித்துக்கொண்டுதான் சொன்னார். றுஸ்னாவை மிதப்புக் கயிற்றில் பிடிக்கச் சொல்லித் தனக்கு முன்னால் விட்டு, அவசரமில்லைத் தங்கச்சி, ஆறுதலாய் வாங்கோ என்று சொல்லிச் சொல்லிக் கரைக்குக் கொண்டு வந்தார்.

"கரையில ஏறிப் பாத்தா, காத்து மாறவேயில்லை அக்கா. சருகெல்லாம் கடல் பக்கந்தான் பறக்குது. எங்களை ஏமாத்திப் போட்டார் எண்டு எனக்குச் சரியான கோவம். போயிட்டு வாறம் எண்டுகூடச் சொல்லேல்லை. திரும்பிப் பாக்கேக்க அவர் கல்லில இருந்து நெஞ்சைத் தடவிக்கொண்டிருந்தவர். களைப்பாக்கும் எண்டு நினைச்சன்." அவன் பெட்டியைத் திரும்பிப் பார்த்தான். "ஒரு சொல்லுச் சொல்லியிருந்தா ஏத்திக்கொண்டு ஆஸ்பத்திரிக்குப் பறந்திருப்பன்."

கமலேஸ்வரி நேற்று முற்றத்தில் மிளகாய் காயப் போட்டிருந்தாள். பொழுதுபடும் வரைக்கும் கச்சான் காற்று பாயைச் சுருட்டிச் சுருட்டி எறிந்தது. மாறவில்லைத்தான். காற்றைப் பற்றி அந்த மனுசன் தன் ஆயுசில் சொன்ன ஒரே பொய் அது. பயந்தவனுக்கு முழங்கால் தண்ணியும் ஆழம் என்பது அவருடைய வாய்ப்பாடு. நோவென்று அங்கே வாயைத் திறந்திருந்தால், மூச்சுக்குழாய் புதிதான அந்தப் பிள்ளை பதறித் தண்ணீரைக் குடித்திருக்கும். அதனால்தான் நெஞ்சுக்குள் இருந்ததை அவர் காற்றின் தலையில் போட்டார். கரைக்கு வந்த பிறகும் சொல்லாமல், அந்த நோவோடு சைக்கிள் மிதித்து வந்து, கண்ணாடியும் கழுவிக் கொழுவியிருக்கிறார். விசரன், என்னட்டையாவது சொல்லியிருக்கலாமே என்று அவளுக்கு ஆத்திரம் வந்தது. அந்த ஆத்திரத்துக்கு மேலால் பெருமையும் வந்தது. என்ர மனுசன், என்ர மனுசன் என்று உள்ளுக்குள் சொல்லிக்கொண்டாள்.

பொன்னையா ஒன்றே ஒன்றுதான் கேட்டார். "தம்பி, கடைசியா ஏறினது ஆர்?"

"அவர்தான் ஐயா. நாங்கள் ரெண்டு பேரும் ஏறினாப் பிறகுதான். கை குடுத்தனான், பிடிக்கேல்லை. தன்ர காலால ஏறினவர்."

பொன்னையா தோளில் கிடந்த துண்டால் முகத்தைத் துடைத்தார். துடைக்கத் துடைக்க ஈரம் வந்துகொண்டே இருந்தது. பிறகு பெட்டியடியில் நின்றவர்களைப் பார்த்து உள்ளே எடுக்கச் சொன்னார்.

வீட்டுத்திட்டத்தில் கிடைத்த வீடு அது, வாசல் ஒடுக்கம். கதவுக்குப் பின்னால் அலுமாரி நின்றதால் கதவு முழுக்கத் திறக்காது. பெட்டி வந்து நிலையில் இடித்து நின்றது. சரித்துப் பார்ப்போமா என்று ஒருவன் கேட்டான்.

"என்ர தம்பியைச் சரிச்செல்லாம் கொண்டு போகேலாது," என்றார் பொன்னையா. "கதவைக் கழட்டுங்கோ."

சப்ராஸ் ஓடிப்போய் மோட்டார் சைக்கிளிலிருந்து ஸ்குறூ ட்ரைவர் கொண்டு வந்தான். துருப்பிடித்த திருகாணிகள், ஒவ்வொன்றும் முனகிக்கொண்டு வந்தன. பொன்னையா கதவைத் தாங்கிப் பிடித்தார், விஜிதரன் கீழே விழுந்த ஆணிகளைப் பொறுக்கினான். கதவைச் சுவரில் சாத்திவிட்டு, பெட்டியை மட்டமாகவே உள்ளே கொண்டுபோய்க் கூடத்தின் நடுவில் வைத்தார்கள். தலைமாட்டில் விளக்கு ஏற்றினார்கள். அதற்குப் பிறகுதான் பெண்கள் உள்ளே வந்து, பெட்டியைச் சுற்றி இருந்து வாய்விட்டு அழுதார்கள். பொன்னையா முற்றத்தில் நின்று, கிரியை ஒன்றும் சுருக்கத் தேவையில்லை, எல்லாம் முழுசாய் நடக்கட்டும் என்று ஐயருக்குப் போனில் சொல்வது உள்ளே கேட்டது.

சப்ராஸ் போக மனமில்லாமல், கதவில்லாத வாசலில் குந்தியிருந்தான். கமலேஸ்வரி பெட்டிக்குப் பக்கத்திலிருந்து அவனைக் கூப்பிட்டாள். வந்த சனம் தண்ணீருக்குள் எதைக் கண்டது என்று அவளுக்குச் சொல்லாமல் நல்லதம்பி ஒருநாளும் சாப்பிட இருந்ததில்லை. நேற்றுத்தான் சொல்லவில்லை.

"தம்பி, நேற்று என்னத்தைக் கண்டனீங்கள்?"

அவனுக்கு முதலில் விளங்கவில்லை. பிறகு விளங்கியது.

"ஆமை ஒண்டு அக்கா. றுஸ்னாதான் முதல் கண்டவ. எங்களுக்குக் கீழால, பயமில்லாமல் போச்சுது."

"எவ்வளவு பெரிசு?"

சப்ராஸ் இரண்டு கைகளையும் அகல விரித்துக் காட்டினான். கமலேஸ்வரி அந்த அளவை நன்றாகப் பார்த்துக்கொண்டாள். பிறகு பெட்டிப் பக்கம் திரும்பி, அதே அளவுக்குத் தன் கைகளையும் விரித்தாள்.