தண்டயல் மதலேனா

கண்ணில் வெள்ளை படர்ந்து பார்வை போன பிறகு, புதிதாக ஒரு வத்தை, பாய் விரித்து ஓடும் மரப்படகு, கட்டப் போவதாகக் குருசுமுத்து சொன்னபோது நெடுந்தீவில் சிரிக்காதவர்கள் குறைவு. அவர் மனைவி மதலேனாவும் சிரித்தாள்தான். சிரித்துக்கொண்டே உளிகளைத் தீட்டக் கொடுத்துவிட்டு வந்தாள்.

"மனுவேல் தம்பியிட்டை மெசின் வள்ளம் இருக்குது. கேட்டால் ஏத்திக்கொண்டு போவான். உங்களுக்கு ஏன் இந்தப் பாய் விசர்?"

"மெசின் கத்துற சத்தத்திலை கடல் சொல்லுறது கேக்காது. எனக்கு இப்ப காதும் முதுகும்தானே மிச்சம்."

கட்டுகிற வத்தையில் பெண்கள் கை வைக்கக் கூடாது என்று கலியாணம் முடித்த நாள் முதல் அவளை எட்ட நிறுத்தியவர், இப்போது விடிந்தால் பொழுதுபடும்வரை "மதலேனா, மதலேனா" என்று கூப்பிட்டார். அவர் பலகையைத் தடவி வளைவு சொல்ல, அவள் கரிக்கட்டியால் கோடு இழுத்தாள். இடுக்குகளில் பஞ்சு அடைத்தாள். குங்கிலியமும் எண்ணெயும் காய்ச்சிப் பூசினாள். அதுவரை அவரைக் கடலுக்கு அனுப்பிவிட்டுக் காத்திருந்தவளுக்கு, பகல் முழுக்க அவர் பக்கத்திலேயே நிற்பது பிடித்திருந்தது. அதை அவருக்குக் காட்டாமல் இருப்பதற்காக நன்றாக ஏசினாள்.

வைகாசியில் வத்தை தண்ணீரில் இறங்கியது. கரையோரமாக அதை ஓட்டி ஓட்டி மதலேனா சுக்கான் பிடிக்கப் பழகினாள். அந்த நேரம் பார்த்து, நாரந்தனையில் வாழ்க்கைப்பட்ட மகள் அருளம்மாவுக்குப் பெண்பிள்ளை பிறந்ததாகச் சேதி வந்தது.

"வாரும், போவம்," என்றார் குருசுமுத்து. சந்தோசம் வந்தால் அவளுக்கு அவர் கொடுக்கும் மரியாதை கூடிவிடும்.

தென்மேற்கிலிருந்து வீசும் சோளகக் காற்று முதுகுப்புறம் நின்று தள்ள, வழியில் இருக்கும் நயினாதீவைப் பார்த்து நேராக ஓடினார்கள். பாதிக் கடலில் மழை இறங்கி நான்கு பக்கமும் மூடிக்கொண்டது. எந்தத் தீவும் தெரியவில்லை. மதலேனா சுக்கானை விடாமல் கத்தினாள்.

"இஞ்சாருங்கோ, எனக்கு ஒண்டும் தெரியேல்லை."

"எனக்கு எப்பவும் இப்பிடித்தானே," என்ற குருசுமுத்து, வத்தையின் அடிப்பலகையில் மல்லாந்து படுத்துக்கொண்டார். அலை அடிப்பதை முதுகால் கவனித்தார். "அலை பின்னாலை வந்து தூக்க வேணும். இப்ப இடப்பக்கத்தாலை இடிக்குது. வெளிக்கடலுக்கு ஓடுறாய், பிள்ளை. வலப்பக்கம் திருப்பு. இன்னும். ஆ, இப்ப சரி."

அவள் திருப்பினாள். அலை பின்னால் வந்து வத்தையை மெல்லத் தூக்கிவிட்டது. அவளுக்கும் அது முதன்முதலாக முதுகில் தெரிந்தது.

மழை வெளித்தபோது வலப்பக்கம் நயினாதீவுக் கோபுரம் நின்றது. அவள் வாய்விட்டுச் சிரித்தாள். ஆனால் முன்னால் தண்ணீர் வெளிறிப் பச்சையாகக் கிடப்பதைக் கண்டு சுக்கானை அசைத்தாள்.

"நேரை விடு. இதிலை ஆழம்," என்றார் குருசுமுத்து.

"இல்லை, தண்ணி வெளிறிக் கிடக்குது. அடியிலை மணல் மேடு."

"நான் எத்தினை தரம் ஓடின இடம்!"

"நீங்கள் ஓடின நேரம் மண் இஞ்சை வரேல்லைப் போல. நான் திருப்பிறன்."

அவர் பேச்சைக் கேளாமல் திருப்பினாள். வத்தை விலகிப் போகையில், தங்களுக்குப் பக்கத்தில் அலை மணலில் உரசி உடைகிற சத்தம் அவருக்கும் கேட்டது. குருசுமுத்து எழுந்து உட்கார்ந்தார். தடவித் தடவிப் பின்னால் வந்து, சுக்கானில் இருந்த அவள் கையைக் கண்டுபிடித்துத் தன் கையை அதன்மேல் வைத்தார். கரை வரும்வரை எடுக்கவில்லை.

நாரந்தனைக் கரையில் வலை காயப்போட்டுக்கொண்டு நின்ற யாக்கோப்பு, பாயைக் கண்டு ஓடிவந்து கயிற்றைப் பிடித்தான்.

"குருசுமுத்தண்ணை! இந்த மழையுக்கை ஆர் தண்டயல்? ஆர் சுக்கான் பிடிச்சது?"

"அவதான்," என்றார் குருசுமுத்து. "நான் கீழை படுத்திருந்தனான்."

யாக்கோப்பு நம்பவில்லை. மதலேனா அதைப் பற்றிக் கவலைப்படவும் இல்லை. நனைந்த சேலையைப் பிழிந்துவிட்டு, கணவரின் கையைப் பிடித்துக் கரையில் இறக்கினாள். பேத்தியின் முகத்தை அவர் விரல்களால் தடவிப் பார்த்தபோது, மூக்கு ஆருடையது என்று இருவரும் மறுபடி சண்டை பிடித்தார்கள்.

அடுத்த வருடம் நெடுந்தீவில் இன்னொருவருக்கு வத்தை கட்டினார்கள். கேட்டு வந்தவர், மெசின் வள்ளம் வைத்திருந்த மனுவேல்.