நீல நாற்காலியின் அடையாள அட்டை

எங்கள் ஊரில் அறுபது வயதானால் பழைய அடையாள அட்டை செல்லாது. தான் யார் என்று மூன்று நிமிடக் குறும்படம் எடுத்து வட்டாட்சியர் அலுவலகத்தில் கொடுக்க வேண்டும். படத்தில் யார் தெரிகிறாரோ அவர்தான் ஆள். இதில் பேச ஒன்றுமில்லை.

தணிகாசலத்துக்கு அவசரம். வெள்ளிக்கிழமை ஒரே மகள் பூங்கோதைக்குப் பதிவுத் திருமணம். அப்பா என்று கையெழுத்துப் போட அட்டை வேண்டும். அந்தக் கையெழுத்தை மூன்று மாதமாக நோட்டில் பழகிவைத்திருந்தார்.

மொட்டைமாடியில் நீல பிளாஸ்டிக் நாற்காலியைப் போட்டார். எதிரே ஸ்டூலில் செல்போன். ஊரார் மாதிரி சலவை வேட்டியும் வணக்கமும் அவருக்கு ஆகாது. ஒரே ஷாட். சும்மா உட்கார்ந்திருப்பார். அதுதான் அவர். உட்காரப் போனார். படத்துக்குள் கால் வைக்குமுன் பதிவாகிறதா என்று சந்தேகம். திரும்பி வந்து பார்த்தார். பதிவாகிக்கொண்டிருந்தது. மறுபடி போனார், மறுபடி சந்தேகம். மூன்று நிமிடம் தீர்ந்தது. பதிவானதா என்றுதான் பார்த்தார். என்ன பதிவானது என்று பார்க்கவில்லை. அப்படியே கொண்டுபோய்க் கொடுத்துவிட்டார்.

எழுத்தர் ரெஜினா இரண்டு முறை ஓட்டிப் பார்த்தார்.

“அலட்டலே இல்ல சார். என்னா நிதானம்!”

“அது நாற்காலிம்மா. நான் கேமராவுக்குப் பின்னாடி நின்னேன்.”

“அப்ப நீங்க கேமராமேன்.”

“என் மூஞ்சியப் பாரும்மா.”

“பாத்தேன். படம் தேவல.”

அட்டை வந்தது. பெயர் தணிகாசலம், படம் நாற்காலி. அவருக்கும் ஒரு சீட்டு கொடுத்தார்கள். ஒளிப்பதிவாளர் என்று போட்டிருந்தது. பெயர் இல்லை.

வெள்ளிக்கிழமை ஆட்டோவில் பின்சீட்டு நாற்காலிக்கு. அவர் டிரைவர் பக்கத்தில் தொற்றிக்கொண்டார். பதிவாளர் அலுவலகத்தில் நாற்காலி முன்காலை மையில் தொட்டுக் கையெழுத்துப் போட்டது. அவர் நோட்டில் பழகிய அதே எழுத்து. சுழிகூடப் பிசகவில்லை.

பூங்கோதை நாற்காலியின் காலைத் தொட்டுக் கும்பிட்டாள். பிறகு இவரைப் பார்த்தாள்.

“கேமரா அங்கிள், அப்பாவோட ஒரு படம் எடுங்க. இருங்க, அப்பாவுக்கு வேர்த்திருக்கு.”

முந்தானையால் நாற்காலியின் முதுகைத் துடைத்தாள்.

தணிகாசலம் செல்போனைத் தூக்கிப் பிடித்தார்.

“சார், லேசா சிரிங்க.”

நாற்காலி சிரித்தது. பதிவாகியிருக்கிறதா என்று பார்த்தார். பதிவாகியிருந்தது.