ஆறு நிமிஷ சாவு

காலை ஐந்தரைக்கு ஜோசப் ஆனந்த் எழுந்தான். பால் பாக்கெட்டை எடுத்தான். பல் தேய்த்தான். ஒரு டம்ளர் காபி போட்டான். கீபோர்டின் மேலிருந்த துணியை எடுத்து மடித்து வைத்தான்.

உழவர்கரை வீட்டின் பின்னறையில் உட்கார்ந்துதான் அவன் சென்னை சீரியலுக்குப் பின்னணி இசை போடுவது. எபிசோடு டிஸ்க் காலை பஸ்ஸில் வரும், மாலை பஸ்ஸில் திரும்பும். அந்த அவசரத்தில் புதிதாக எதைப் போடுவது? பதினான்கு இசைத் துண்டுகளைச் சேர்த்துவைத்து, நானூறு எபிசோடாக மாற்றி மாற்றி ஒட்டினான். அவற்றுக்குப் பெயர் வைத்தவள் அவன் மனைவி மெரின். 'மாமியார் மாடிப்படி இறங்குகிறாள்.' 'கடிதம் வந்துவிட்டது, பிரிக்க நாலு நாள் ஆகும்.' 'அழுகை, பெரிய சைஸ்.'

மெரின் காய்ச்சலில் போய் ஐந்து மாதம்.

நேற்று வந்த எபிசோடில் கதாநாயகி ஆஸ்பத்திரிக் கட்டிலில் சாகிறாள். பெரிய சைஸை ஒட்டினால் முடிந்தது. அவன் ஒட்டவில்லை. காட்சியை மொட்டையாகவே அனுப்பிவிட்டான்.

ஒன்பது மணிக்கு டைரக்டர் புருஷோத்தமன் போன் செய்தார்.

"என்ன ஆனந்த், சாவுல சத்தமே இல்ல. டிஸ்க் போச்சா?"

"இல்ல சார். நான்தான் வைக்கல."

"ஆறு நிமிஷம் பேசறாய்யா அவ. அடியில ஒரு வயலின் இல்லன்னா ஜனங்க சேனல மாத்திடுவாங்க."

"சாவறவங்க யார் சார் ஆறு நிமிஷம் பேசறாங்க?"

"சம்பளம் வாங்கறா, பேசறா. மூணு மணி பஸ்ல மியூசிக் வரணும். இல்லன்னா இங்க வடபழனியில ஒருத்தன் கீபோர்டத் தூக்கிக்கிட்டு வாசல்ல நிக்கிறான்."

இருப்பது இந்த ஒரு சீரியல்தான். ஜோசப் ஆனந்த் பெரிய சைஸை எடுத்தான். கம்ப்யூட்டரில் இருந்த காட்சியோடு ஓட்டிப் பார்த்தான். நிறுத்தினான். மறுபடி ஓட்டினான். பன்னிரண்டு மணிக்கு அவனே போன் செய்தான்.

"சார், டயலாக்க வெட்டிடுங்க. ஒரு வரி போதும். அதுக்குப் புதுசா போட்டுத் தரேன்."

புருஷோத்தமன் காட்சியை ஓட்டிப் பார்த்தார். "முதுகு ஷாட் ஒண்ணு இருக்கு, வாய் தெரியாது. டப்பிங்ல மாத்திக்கலாம். எந்த வரி?"

மகள் மெரின் இயேசுவின் பெயரைச் சொல்லித்தான் போனாள் என்று மாமியார் அகஸ்டினா கோயிலில் எல்லோரிடமும் சொல்லியிருந்தாள். அவன் மறுக்கவில்லை. அன்று கட்டிலருகே அவன் மட்டும்தான் இருந்தான்.

"சொல்லுய்யா. பேனா எடுத்துட்டேன்."

அன்று மெரின் சொன்னதை அவன் அப்படியே சொன்னான்.

"போய் சாப்ட்டு வாங்க. உங்க வயிறு கத்தறது பக்கத்து பெட்டு வரைக்கும் கேக்குது, அதுவும் சுருதியில்லாம."