என் மருமகளின் லாகின்

என் மருமகள் ஒரு மன்னிப்புக் கடிதத்தில் கையெழுத்துப் போட வேண்டுமாம். செய்யாத தவறுக்கு! வாசகத்தைத் தட்டச்சு செய்து, பெயருக்கு நேரே கோடும் போட்டு வைத்திருந்தார் டிப்போ மேலாளர்.

அவள் மின்சாரப் பேருந்து டிப்போவில் சார்ஜிங் மேற்பார்வையாளர். நாற்பது வண்டிகள்; வரும் மின்சாரத்துக்கோ ஓர் உச்சவரம்பு. எந்த வண்டி எப்போது கிளம்ப வேண்டும் என்று பார்த்து மின்சாரத்தைப் பங்கிட ஒரு மென்பொருள் வைத்திருக்கிறார்கள். ஒரு வண்டிக்கு 'முன்னுரிமை' என்று அமுக்கினால் மற்றவற்றின் பங்கு குறையும். செவ்வாய் மாலை ஆறு பத்துக்கு யாரோ ஏழு வண்டிகளுக்கு அமுக்கிவிட்டார்கள். மறுநாள் காலை வேறு மூன்று வண்டிகள் பயணிகளோடு நடுவழியில் நின்றன. யார் அமுக்கியது என்று மென்பொருளில் பார்த்தார்கள். அது என் மருமகளின் பெயரைக் காட்டியது. எங்கள் குடும்பப் பெயரோடு சேர்த்து.

அந்த ஆறு பத்துக்கு அவள் விடுப்பில், கண் மருத்துவமனையில், கட்டுப் போட்ட எனக்குக் காப்பி ஆற்றிக்கொண்டிருந்தாள். டிப்போ வாங்கியது ஒரே ஒரு லாகின். முதலில் பயிற்சிக்குப் போனவள் என்பதால் அவள் பெயரில் திறந்தார்கள். கடவுச்சொல் வாசல் காவலர் வரை அத்தனை பேருக்கும் தெரியும்.

"போட்டுக் குடுத்துட்டு வேலையைப் பாக்கட்டும்ப்பா. வெறும் கையெழுத்துதானே?" என்றான் என் மகன்.

"கல்யாண ரிஜிஸ்டர்ல நீ போட்டதும் வெறும் கையெழுத்துதானாடா?"

அவன் சட்டையை இஸ்திரி போடப் போய்விட்டான்.

வெள்ளிக்கிழமை நானும் அவளோடு டிப்போவுக்குப் போனேன். "நான் பேசிக்கிறேன் மாமா, நீங்க சும்மா இருங்க" என்று வழியிலேயே சொல்லிவிட்டாள். ஒப்புக்கொண்டேன். மேலாளர் அறையில் மூன்று நிமிடம் அந்த வாக்கைக் காப்பாற்றினேன்.

"உங்க குடும்பத்தை யாரும் தப்பா சொல்லலைங்க பெரியவரே. சிஸ்டம்தான் சொல்லுது."

"அப்படியா? அந்த சிஸ்டத்தை இங்க வரச் சொல்லுங்க. அவர்கிட்டயே பேசிக்கிறேன்."

மேலாளர் சிரித்துக்கொண்டே திரையை என் பக்கம் திருப்பினார். அந்த நேரம் பார்த்து மேலே புதிதாக ஒரு வரி விழுந்தது. பதினொன்று நாற்பத்திரண்டு. ஒன்பதாம் வண்டிக்கு முன்னுரிமை. அமுக்கியவர்: என் மருமகள்.

அவளோ எங்கள் கண்முன்னே, கடிதத்தை இரண்டு கையாலும் பிடித்தபடி நின்றுகொண்டிருந்தாள்.

"அது... நெட்வொர்க் அப்பப்போ..." என்று இழுத்தார் மேலாளர்.

அவள் ஜன்னலைத் திறந்தாள். "ஒன்பதுக்கு யாரு அமுக்கினது?"

"நான்தாம்மா! பன்னெண்டுக்கு எடுக்கணும், இது ஆமையா ஏறுது!" கீழே ஓர் ஓட்டுநர் கைபேசியை உயர்த்திக் காட்டினார். அவருக்குப் 'புயல்' என்று பட்டப்பெயராம். மாடி ஏறி வர ஐந்து நிமிடம் எடுத்துக்கொண்டார்.

"சரிம்மா, லெட்டர் வேண்டாம். இத்தோட மறந்துடுவோம்" என்று கடிதத்தைத் திரும்ப வாங்கக் கை நீட்டினார் மேலாளர்.

"என் பேரைப் போட்டுத் தலைமை ஆபீஸுக்குப் போன ரிப்போர்ட்?"

"போனது போனதுதானே. அதைத் திருத்த சிஸ்டம் விடாது."

மறந்துவிடுவாராம்! குற்றமே செய்யாதவளை மன்னித்து அனுப்பும் பெருந்தன்மை! வாயைத் திறந்தேன். அவள் என்னை ஒரு பார்வை பார்த்தாள். மூடிக்கொண்டேன்.

கடிதத்தைத் திருப்பி, வெற்றுப் பக்கத்தில் நடந்ததை எழுதினாள்: நேரம், லாகின், செவ்வாய்க்கிழமை விடுப்பு, எல்லாம். புயலிடம் நீட்டினாள்.

"இதனால பிரச்சனை வருமாம்மா?"

"வந்தா உங்க பேர்ல வரும்ணா. என் பேர்ல வராது."

அவர் தலையைச் சொறிந்தார், சிரித்தார், கையெழுத்துப் போட்டார். மேலாளர் மட்டும், மேலிடத்தில் கேட்பார்கள், யோசிக்க வேண்டும் என்றார்.

"யோசிங்க சார்" என்று அவள் கணினி முன் உட்கார்ந்து கடவுச்சொல்லை மாற்றினாள். "எல்லாருக்கும் தனி லாகின் வர்ற வரைக்கும், என் பேர்ல நான் மட்டும்தான் அமுக்குவேன். நீங்க கையெழுத்துப் போட்டதும் ஆரம்பிக்கிறேன்."

ஒன்பதுக்குக் கொடுத்த முன்னுரிமையையும் எடுத்துவிட்டு, கையைக் கட்டிக்கொண்டாள். கீழே ஒருவர், "லாகின் ஆகலையே!" என்றார். இன்னொருவர் அதையே உரக்கச் சொன்னார். மேலாளரின் மேசைத் தொலைபேசி அடித்தது. வைத்ததும் மறுபடி அடித்தது.

பன்னிரண்டு பத்துக்குக் கையெழுத்துப் போட்டார். அதைத் தலைமை ஆபீஸுக்கு அனுப்பியதை நான் கண்ணால் பார்த்த பிறகுதான் எழுந்தேன்.

ஒன்பதாம் வண்டி அரைமணி தாமதமாகக் கிளம்பியது. தாமதத்துக்கு யார் பொறுப்பு என்று மென்பொருள் கேட்டது. என் மருமகள் தன் பெயரைத் தட்டினாள், முழுப் பெயரையும்.